மதுரையில் கிறிஸ்மஸுக்கு ஹாம்: நடக்குமா, நடக்காதா?

கேள்வி, நவம்பர் 28

"இந்தக் கிறிஸ்மஸுக்கு மேலே பளபளன்னு பாகு பூசின ஹாம் பண்ண வேண்டும் என்று பிள்ளைகள் ஒற்றைக்காலில் நிற்கிறார்கள். வீடியோவில் எல்லாரும் கடையில் ரெடியாக வாங்கி ஓவனில் வைத்து எடுத்துவிடுகிறார்கள். இங்கே அந்த மாதிரி முழு ஹாமும் கிடைக்காது, அவ்வளவு பெரிய ஓவனும் வீட்டில் கிடையாது. மதுரையில் இது நடக்காத காரியம்தானே? பேசாமல் மட்டன் பிரியாணியோடு நிறுத்திக்கொள்ளலாமா?"

நவம்பர் 28, இரவு

பிரியாணியை நிறுத்த வேண்டாம், ஹாமும் நடக்கும். எங்கள் வீட்டில் வருஷா வருஷம் நடக்கிறது.

வீடியோவில் நீங்கள் பார்த்தது ஏற்கெனவே உப்பில் ஊறி, வெந்து, புகையும் போட்டு வந்த பன்றிக் கால். அவர்கள் ஓவனில் செய்வது சூடாக்குவதும் பாகு பூசுவதும் மட்டும்தான். ஹாமை ஹாம் ஆக்கும் வேலை அதற்கு முன்பே முடிந்துவிட்டது. நமக்கு அந்த முன்வேலையும் சேர்த்து வருகிறது. அதற்குத் தேவை ஃப்ரிட்ஜ், ஒரு பெரிய பாத்திரம், கிராம் காட்டும் தராசு, ஒரு தெர்மாமீட்டர். ஓவன் கடைசி இருபது நிமிஷத்துக்குத்தான். மேஜைமேல் வைக்கிற சாதாரண ஓ.டி.ஜி. (சின்னக் கரண்டு ஓவன்) தாராளம்.

நவம்பர் 29

கறிதான் முதல் வேலை. பண்ணை வெண்பன்றி வெட்டுகிற கடையாகப் பாருங்கள். முழுத் தொடை என்றால் எட்டு ஒன்பது கிலோ வரும், அது ஓ.டி.ஜி.க்குள் போகவே போகாது. பின்னந்தொடையில் முழங்கால் பக்கப் பாதி, மூன்று கிலோ போதும். தோலோடு, எலும்போடு, முழுசாக.

கடைக்காரரிடம் இந்த 'முழுசாக'வை எத்தனை தடவை சொன்னாலும் தகும். அவர் கை பழக்கத்தில் கத்தியை ஓங்கிவிடும். பேசிக்கொண்டிருக்கும்போதே தொடை பன்னிரண்டு துண்டாகி, மேலே ஈரலும் விழுந்துவிடும். முதல் நாளே போய், "அண்ணே, வெட்டக் கூடாது, தோலை எடுக்கக் கூடாது, முடியை மட்டும் நல்லா வாட்டிச் சுரண்டிக் கொடுங்க" என்று சொல்லி முன்பணம் கொடுத்துவிட்டு வாருங்கள். மறுநாள் காலையில் கூட்டம் சேர்வதற்கு முன்னால் போய் நின்று வாங்குங்கள். தோலில் லேசாகக் கருக்கு இருந்தால் பரவாயில்லை, அந்தத் தோலை எப்படியும் உரிக்கப் போகிறோம்.

மஞ்சள் தடவிக் கொடுத்தால் கழுவிவிடுங்கள். வீட்டுக்கு வந்ததும் நேராக ஃப்ரிட்ஜ்.

டிசம்பர் 1

"உப்பில் ஊற வைக்காமல் அப்படியே சுட்டால் என்ன?" என்று கேட்டிருக்கிறார்கள். ருசியாக இருக்கும், அதில் சந்தேகமில்லை. ஆனால் அது பன்றி ரோஸ்ட். உள்ளே சாம்பல் நிறமாக, சாதாரண வெந்த கறியாக இருக்கும். ஹாமின் ரோஜா நிறமும், அந்த இறுகின வழுவழுப்பும், நாக்கில் நிற்கும் அந்தத் தனிச் சுவையும் கியூரிங் உப்பினால், அதாவது கறியைப் பதப்படுத்தும் தனி உப்பினால் வருபவை. அதில் இருக்கும் சோடியம் நைட்ரைட் கறியின் சிவப்பு நிறமியோடு சேர்கிறது, வேகும்போது அந்த நிறம் நிலைத்துவிடுகிறது. பொட்டுலிசம் என்ற கொடிய நோயைத் தரும் விஷத்தை உண்டாக்கும் கிருமியை வளரவிடாமல் தடுப்பதும் அதுதான். ஒரு வாரத்துக்கு மேல் தண்ணீரில் கிடக்கப்போகிற கறிக்கு அந்தக் காவல் வேண்டும்.

டிசம்பர் 1, கொஞ்ச நேரம் கழித்து

இதைத் தனியாகவே எழுதுகிறேன். தயவுசெய்து கவனமாகப் படியுங்கள்.

கியூரிங் உப்பு இளஞ்சிவப்பாக இருக்கும். சாப்பாட்டு உப்பென்று நினைத்து யாரும் எடுத்துவிடக் கூடாது என்பதற்காகவே அதில் நிறம் சேர்க்கிறார்கள். நம் ஊர் மளிகைக் கடையில் கிடைக்கும் இந்துப்பும் ஏறக்குறைய அதே நிறம். இரண்டுக்கும் எந்த உறவும் கிடையாது. இந்துப்பு போட்டால் கறி ஹாம் ஆகாது, பாதுகாப்பும் இருக்காது. கியூரிங் உப்பைச் சமையலில் சாதா உப்பாகப் போட்டால் ஆள் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியதுதான்.

வாங்க வேண்டியது 'பிராக் பவுடர் நம்பர் 1' என்று விற்கிற பொடி. அதில் 6.25 சதவீதம் நைட்ரைட், மீதி உப்பு. ஆன்லைனில் கிடைக்கிறது. நம்பர் 2 வேறு, அது மாதக்கணக்கில் காயவைக்கும் கறிக்கு. கலப்பில்லாத சுத்த நைட்ரைட்டை வீட்டுக்குள்ளேயே கொண்டுவராதீர்கள். பொடி வந்ததும் பாட்டிலில் போட்டு, மேலே பெரிய எழுத்தில் எழுதி ஒட்டி, பிள்ளைகளுக்கு எட்டாத உயரத்தில், அஞ்சறைப்பெட்டிக்கு வெகு தூரத்தில் வையுங்கள்.

டிசம்பர் 3

அளவு கேட்டவர்களுக்கு. கறியும் தண்ணீரும் சேர்த்து எடை பார்க்க வேண்டும். மூன்று கிலோ கறி, இரண்டு லிட்டர் தண்ணீர் என்றால் மொத்தம் ஐந்து கிலோ. அதற்கு:

கல்லுப்பு 125 கிராம்
கியூரிங் உப்பு 12.5 கிராம்
நாட்டுச்சர்க்கரை 50 கிராம்
மிளகு, கிராம்பு, பட்டை, பிரிஞ்சி இலை கைக்குப் பட்ட அளவு

கியூரிங் உப்பை மட்டும் ஸ்பூனில் அளக்கவே கூடாது, தராசில்தான் நிறுக்க வேண்டும். கறியின் எடை மாறினால் கணக்கை மறுபடி போடுங்கள். மொத்த எடையில் கல்லுப்பு 2.5 சதவீதம், கியூரிங் உப்பு 0.25 சதவீதம்.

தண்ணீரில் பாதியை எடுத்துக் கல்லுப்பு, சர்க்கரை, மசாலா சாமான் போட்டுக் கொதிக்கவிட்டு இறக்கி, மீதித் தண்ணீரையும் ஊற்றி, நன்றாக ஆறி, ஃப்ரிட்ஜில் வைத்துச் சில்லென்று ஆனபிறகு கியூரிங் உப்பைக் கரையுங்கள். வெதுவெதுப்பான தண்ணீரில் கறியை இறக்கக் கூடாது. பாத்திரம் எவர்சில்வர் அல்லது உணவுக்கான பிளாஸ்டிக் டப்பா. அலுமினியம் வேண்டாம்.

இந்த முறையில் எனக்குப் பிடித்த விஷயம், இரண்டு நாள் கூடக் கிடந்தாலும் உப்புக் கரிக்காது. கறிக்கும் தண்ணீருக்கும் உப்பு சமமாகிவிட்டால் அதற்கு மேல் ஏற இடமில்லை.

டிசம்பர் 6

நேற்று பழைய ரயில்வே காலனி நாட்களைப் பற்றி வீட்டில் பேச்சு வந்தது. இந்தச் சமையல் எனக்கு வந்த வழி அதுதான். அங்கே எங்கள் பக்கத்து வீட்டில் ஒரு ஆங்கிலோ இந்தியன் ஆன்ட்டி இருந்தார். டிசம்பர் பிறந்தால் அவர் வீட்டில் அச்சு முறுக்கு, கல்கல், மஞ்சள் தேங்காய்ச் சாதம், கோப்தா குழம்பு, நடுவில் ஹாம். அவர்கள் காலத்தில் வெடியுப்பும் கல்லுப்பும் எலுமிச்சம்பழமும் தேய்த்து, ஊசியால் குத்திக் குத்திக் கறியைப் பதப்படுத்துவார்கள். வெடியுப்பு கறிக்குள் போய் மெல்ல நைட்ரைட்டாக மாறி அதே வேலையைச் செய்யும். ஆனால் எவ்வளவு மாறும், எப்போது மாறும் என்பது கைக்கு அடங்காத சங்கதி. அதனால்தான் அளந்து கலந்த பொடியை நான் சொல்கிறேன்.

ஆனால் அவர் சொல்லிக்கொடுத்த ஒன்றை இன்றுவரை விடவில்லை. "முதல்ல தண்ணீல வேகட்டும்மா, அப்புறம் அடுப்புல நிறம் வரட்டும்." சின்ன ஓவன் இருக்கிற வீட்டுக்கு இதைவிடப் பொருத்தமான வழி கிடையாது.

டிசம்பர் 9

பேக்கரியில் கொடுத்துச் சுட்டு வாங்கலாமா என்று ஒருவர் கேட்கிறார். கேக் மாவைக் கொண்டுபோய்க் கொடுத்துச் சுட்டு வாங்குகிற பழக்கம் நம் ஊரில் இருக்கிறது, நானும் கொடுத்திருக்கிறேன். ஹாமுக்கு அதைக் கேட்காதீர்கள். அதே அடுப்பில் வேகும் பன்னையும் ரொட்டியையும் பன்றிக்கறி தொடாத எத்தனையோ குடும்பங்கள் நம்பி வாங்குகின்றன. நம் பண்டிகைக்காக அந்த நம்பிக்கையைத் தொடக் கூடாது. வீட்டு விருந்திலும் அப்படித்தான். ஹாமுக்குத் தனித் தட்டு, தனிக் கத்தி. வருகிறவர்களிடம் இது என்ன கறி என்று முதலிலேயே சொல்லிவிடுவோம். எங்கள் வீட்டுக்கு அன்று வருகிறவர்களில் பாதிப்பேர் இதைத் தொடமாட்டார்கள், அவர்களுக்குப் பிரியாணி இருக்கிறது.

டிசம்பர் 13

கிறிஸ்மஸுக்குச் செய்பவர்கள் இன்று நாளைக்குள் கறியை ஊறப் போட்டுவிட வேண்டும். மூன்று கிலோவுக்கு ஏழு நாள் குறைந்தபட்சம், பத்து நாள் நிம்மதி.

எலும்பை ஒட்டிய இடம்தான் ஆபத்து. வெளியிலிருந்து உப்பு அங்கே போய்ச் சேர்வதற்குள் உள்ளே கெட்டுவிடும். தெரிந்த ஒரு வீட்டில் மேலே அருமையாக இருந்த கால், வெட்டினபோது எலும்போரம் புளித்த வாடை அடித்தது. மொத்தத்தையும் கொட்ட வேண்டியதாயிற்று. அதனால் உப்புத் தண்ணீரில் 300 மில்லியைப் பெரிய சிரிஞ்சில் எடுத்து, எலும்பைச் சுற்றி நாலு பக்கமும் ஆழமாக ஏற்றிவிடுங்கள். மெடிக்கல் கடையில் கேட்டால் பெரிய சிரிஞ்சு, தடித்த ஊசி கிடைக்கும். ஊசி எலும்பில் முட்டினதும் ஒரு நூல் பின்னால் இழுத்து மெல்ல அழுத்த வேண்டும். கறி லேசாக உப்பும், துளையில் கொஞ்சம் வழியும். வழிகிறது பாத்திரத்திலேயே விழட்டும், கணக்குக் குறையாது.

கறி தண்ணீருக்குள் முழுசாக முங்க வேண்டும். மேலே ஒரு கனமான பீங்கான் தட்டை வைத்து அமுக்குங்கள். தினம் ஒரு தடவை புரட்டிவிடுங்கள். ஃப்ரிட்ஜ் 4 டிகிரிக்கு மேல் போகக் கூடாது. காய்கறி டிராயில் வைக்காதீர்கள், அங்கே சூடு கூட. டிசம்பர்தானே, வெளியே குளிர்தானே என்று திண்ணையில் வைக்கும் யோசனை வேண்டவே வேண்டாம். மதுரையில் மார்கழி விடியலிலும் இருபது டிகிரியை ஒட்டித்தான் இருக்கும். கறிக்கு அது கோடை.

டிசம்பர் 14

கரண்டு போனால்? ஃப்ரிட்ஜைத் திறக்காமல் இருந்தால் நாலு மணி நேரம் வரை குளிர் தாங்கும். மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலையிலிருந்து சாயங்காலம் வரை நிறுத்துகிற நாள் உங்கள் பகுதியில் எப்போது என்று பேப்பரில் பார்த்து வையுங்கள். அன்று மட்டும் ஐஸ்கட்டிப் பையைப் பாத்திரத்தைச் சுற்றி அடுக்குங்கள்.

டிசம்பர் 17

பாகைப் பற்றி எழுத வேண்டும் என்றுதான் இத்தனை நாளாகக் கை பரபரத்தது.

வெளிநாட்டுக் குறிப்புகளில் பழுப்புச் சர்க்கரை, டப்பா அன்னாசி, செர்ரி. நான் டப்பாவைத் தொடுவதில்லை. நம்மிடம் கருப்பட்டி இருக்கிறது. அந்த லேசான புகைவாடை உப்புக் கறியோடு சேரும்போது, புகை போடாத ஹாமுக்கும் புகை போட்ட மணம் வந்துவிடுகிறது. உடன்குடிப் பக்கத்துக் கருப்பட்டி கிடைத்தால் விடாதீர்கள். சீனி கலந்த கருப்பட்டி நிறைய வருகிறது. உடைத்துப் பார்த்தால் உள்ளே சர்க்கரைக் கல்லாக மினுங்கும், வாயில் போட்டால் வெறும் தித்திப்புதான் இருக்கும், அந்தக் கரிப்பு இருக்காது.

200 கிராம் கருப்பட்டியைத் தட்டி, அரை டம்ளர் ஆரஞ்சுச் சாற்றில் கரைத்து, கட்டாயம் வடிகட்டுங்கள், மண்ணும் சுண்ணாம்பும் அடியில் நிற்கும். கொடைக்கானல் மலை ஆரஞ்சு கிடைத்தால் அதன் புளிப்பே போதும். கடை ஆரஞ்சு என்றால் ஒரு ஸ்பூன் வினிகர் சேருங்கள். அதில் ரெண்டு ஸ்பூன் கடுகு விழுது, நுணுக்கின மிளகு அரை ஸ்பூன். கடுகைப் பச்சைத் தண்ணீரில் அரைத்துப் பத்து நிமிஷம் வைத்துவிட்டு, அப்புறம் வினிகர் விடுங்கள். சுடுதண்ணீரிலோ முதலிலேயே வினிகரிலோ அரைத்தால் காரம் ஏறாது.

பதம்: அதிரசத்துக்குப் போகிற அளவு முறுக விடக் கூடாது. ஒரு கம்பிக்கு முந்தின பிசுபிசுப்பில் இறக்குங்கள். கரண்டியின் பின்பக்கம் மெழுகின மாதிரி ஒட்ட வேண்டும். ஆறினால் இன்னும் கெட்டியாகும், பூசும்போது லேசாகச் சூடு காட்டிக்கொள்ளலாம்.

டிசம்பர் 18

அன்னாசிக்காக ஒருவர் வாதாடுகிறார். பிள்ளைகளுக்கு அந்த வட்ட வில்லை அழகு பிடிக்கும் என்பது நியாயம்தான். மாட்டுத்தாவணிப் பழச்சந்தையில் நல்ல பழமாக வாங்கி, தனியாகச் சட்டியில் வாட்டி, பரிமாறும்போது பக்கத்தில் அடுக்குங்கள். கறியின் மேல் வைத்தால் அதன் நீர் இறங்கி, அடியில் பாகு பிடிக்காமல் வெளிறிப் போகிறது.

கிராம்பு கீழமாசி வீதியில் வாங்குங்கள். தலை உடையாத முழுக் கிராம்பு வேண்டும், அதைக் கொழுப்பில் குத்தப் போகிறோம்.

டிசம்பர் 21

வேகவைக்கும் முறை. உப்புத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, கறியைக் கழுவி, பெரிய அண்டாவில் முங்கப் பச்சைத் தண்ணீர் ஊற்றுங்கள். ஒரு வெங்காயம், கொஞ்சம் மிளகு, ரெண்டு பிரிஞ்சி இலை. கொதி வரத் தொடங்கினதும் தீயைக் குறைத்துவிட வேண்டும். தண்ணீர் தளதளவென்று கொதித்தால் கறி நார் நாராகப் பிரிந்துவிடும். ஓரத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழி வந்தால் போதும், 80, 85 டிகிரி. அரை கிலோவுக்கு 25 நிமிஷம் என்று வைத்தால் மூன்று கிலோவுக்கு இரண்டரை மணி நேரம். ஆனால் கடிகாரத்தை நம்பாதீர்கள், தெர்மாமீட்டரை நம்புங்கள். தடித்த இடத்தின் நடுவில், எலும்பில் படாமல் குத்திப் பார்த்து 70 டிகிரி காட்டினால் இறக்கலாம். வெளிநாட்டில் 63 டிகிரி போதும் என்கிறார்கள். நாடாப்புழுப் பயம் உள்ள நம் ஊரில் நான் 70க்குக் குறைய விடுவதில்லை. கறியும் காய்ந்துபோவதில்லை, உப்பு அதன் நீரைப் பிடித்து வைத்திருக்கும்.

டிசம்பர் 22

முதல் நாளே வேகவைத்து வைக்கலாமா என்று கேட்டவருக்கு: வைக்கலாம். தோலை உரித்து, இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜுக்குள் போக வேண்டும். மறுநாள் ஓ.டி.ஜி.யில் 160 டிகிரியில் ஃபாயில் மூடி, உள்ளே 74 வரும்வரை சூடாக்கிவிட்டு அப்புறம் பாகு. ஆனால் ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் இழுக்கும், கறியும் கொஞ்சம் வறளும். இரவு ஆராதனைக்குப் போகிற வீட்டில் காலையில் எழுந்ததும் அண்டாவை ஏற்றிவிடுவதுதான் சுகம். பிரியாணி வேலை ஒரு பக்கம் ஓட, அது பாட்டுக்கு வேகும்.

டிசம்பர் 23

நாளை மறுநாள் கையில் வைத்துப் பார்க்க.

வெந்த காலைத் தாம்பாளத்தில் எடுத்துப் பத்து நிமிஷம் விடுங்கள். கை பொறுக்கும் சூட்டில் அகலமான முனையில் தோலுக்கு அடியில் கட்டை விரலை நுழைத்தால், ஈரத்துணியை இழுக்கிற மாதிரி தோல் முழுசாகப் பெயர்ந்து வரும். அவசரப்பட்டு இழுத்தால் கொழுப்பும் கூடவே வந்துவிடும். கொழுப்புதான் பாகுக்குப் படுக்கை, அரை விரற்கடை கனத்துக்கு அது நிற்க வேண்டும். ஆறிப்போனால் தோல் உரியாது.

கத்தி நுனியால் கொழுப்பில் மட்டும் குறுக்கும் நெடுக்குமாகக் கீறி டைமன் கட்டம் போடுங்கள். கறியில் பட்டால் சாறு வழிந்து பாகைக் கழுவிவிடும். கட்டம் வெட்டிக்கொள்ளும் ஒவ்வொரு மூலையிலும் ஒரு கிராம்பு.

ஓ.டி.ஜி.யை 200 டிகிரியில் முன்னமே சூடாக்குங்கள். ட்ரேயில் ஃபாயில் விரித்து, அரை டம்ளர் தண்ணீர் ஊற்றுங்கள், வழிகிற பாகு கருகாது. கறியை ஈரம் போகத் துடைத்து முதல் பூச்சு. ஏழு நிமிஷம். இரண்டாவது பூச்சு, ஏழு நிமிஷம். மூன்றாவது. கடைசி ஐந்து நிமிஷம் அந்தக் கண்ணாடிக் கதவை விட்டு நகராதீர்கள். கட்டத்தின் விளிம்புகள் முதலில் கருஞ்சிவப்பாகும், பள்ளத்தில் பாகு சின்னச் சின்னக் குமிழியாகப் பொங்கும், கொழுப்பு பளிங்கு மாதிரி ஆகும். விளிம்பில் முதல் கறுப்புப் புள்ளி தெரிந்தால் எடுத்துவிட வேண்டும். கருப்பட்டி சீனியைவிட வேகமாகக் கருகும், கருகினால் கசப்பு எல்லாவற்றிலும் ஏறிவிடும்.

வெளியே எடுத்து இருபது நிமிஷம் தொடாமல் வையுங்கள். அதற்குள் பாகு இறுகும், சாறு உள்ளே தங்கும். கிராம்பை எல்லாம் பிடுங்கிவிட்டு, நாருக்குக் குறுக்கே மெல்லிசாக வெட்டுங்கள்.

டிசம்பர் 24

அந்த நேரம் பார்த்துக் கரண்டு போனால் என்று மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். வீட்டு இன்வெர்ட்டர் ஓ.டி.ஜி.யை இழுக்காது. கனமான பிரியாணிச் சட்டியின் அடியில் ஒரு ஸ்டாண்டு வைத்து, அதன் மேல் பாகு பூசின கறியை வைத்து, தட்டை மூடி, மேலே கனிந்த கரியைப் பரப்புங்கள். தம் போடுகிற அதே முறைதான். அடியில் தீ பேருக்கு இருந்தால் போதும், நிறம் மேலிருந்துதான் வர வேண்டும். கரி வீட்டில் இல்லையென்றால் தெருமுனை இஸ்திரிக் கடையில் இன்று மாலைக்குள் ஒரு கிலோ வாங்கி வைத்துவிடுங்கள், நாளை திறக்க மாட்டார்கள்.

டிசம்பர் 26

செய்தவர்கள் எழுதியிருப்பதைப் படிக்கப் படிக்கச் சந்தோஷம். கூடல்நகர்க்காரர் தேங்காய்ச் சாதத்தோடு பரிமாறியிருக்கிறார், மிகச் சரியான ஜோடி. பக்கத்தில் மிளகு ரசமும் இருந்தால் கொழுப்பின் கனம் தெரியாது. ரொட்டிக்கு நான் கடையில் வாங்கும் இனிப்பு பன்னைவிட உப்பு ரொட்டியையே சொல்வேன், பாகிலேயே தித்திப்பு போதுமான அளவு இருக்கிறது.

உள்ளே ஓரிடத்தில் மட்டும் சாம்பல் நிறத் திட்டு இருந்தது என்கிறவர்களுக்கு: அங்கே உப்பு போய்ச் சேரவில்லை. 70 டிகிரி வரை வெந்து, வாடையும் இல்லையென்றால் அன்றைக்கே சாப்பிட்டுவிடலாம். வாடை இருந்தால் யோசிக்காமல் கொட்டுங்கள். அடுத்த தடவை அந்த இடத்துக்கு ஊசி கூட வேண்டும்.

டிசம்பர் 27

மீந்தது ஃப்ரிட்ஜில் நாலு நாள் இருக்கும். அதற்கு மேல் என்றால் துண்டு போட்டு ஃப்ரீசரில் ஒரு மாதம், ரெண்டு மாதம். கொத்துப் பரோட்டாவில் ஹாமைப் பொடியாக நறுக்கிப் போடுங்கள், உப்பைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளுங்கள். எலும்பைத் தூக்கிப் போடாதீர்கள். ராத்திரி ஊறின தட்டைப்பயறோடு குக்கரில் போட்டு, சின்ன வெங்காயம், பூண்டு, ரெண்டு வரமிளகாய் சேர்த்து வேகவிட்டு இறக்குங்கள். வெந்து முடிகிறவரை உப்பே போட வேண்டாம், ருசி பார்த்துப் போடுங்கள். எங்கள் வீட்டில் ஹாமைவிட இந்தக் குழம்புக்குத்தான் சண்டை.

ஜனவரி 3

ஈஸ்டருக்குச் செய்யலாமா என்று கேட்டவருக்கு: தாராளமாக. மேல்நாட்டில் ஹாம் ஈஸ்டர் சாப்பாடாக ஆனதற்கே காரணம் உண்டு. இலையுதிர் காலத்தில் பன்றியை வெட்டி, குளிர்காலம் முழுக்க உப்பில் பதப்படுத்தினால் வசந்தத்தில் ஈஸ்டருக்குத் தயாராகிவிடும். நமக்கு ஈஸ்டர் வருவது கத்திரி வெயிலை எட்டிப் பார்க்கும் நேரத்தில். ஃப்ரிட்ஜுக்குள் ஒரு சின்ன தெர்மாமீட்டரைப் போட்டு வைத்து, காலையும் மாலையும் பாருங்கள். மதியத்தில் 4 டிகிரிக்கு மேலே ஏறுகிற ஃப்ரிட்ஜ் என்றால், குளிர் எண்ணைக் கூட்டிவிட்டு அதற்கப்புறம் கறி வாங்கப் போங்கள்.